ரோமன் போர்னோ (1971–1988)

ஜப்பானின் நிக்காட்சு ஸ்டுடியோ எடுத்த 'ரோமன் போர்னோ' படங்கள் 1988-இல் காலமாயின. வயது பதினேழு. 1912-இல் தொடங்கிய அந்தப் பழம்பெரும் நிறுவனம், தொலைக்காட்சி வந்து கல்லாப்பெட்டி காலியானதும், 1971 நவம்பரில் வயது வந்தோர் படங்களில் இறங்கியது. மெய்கோ காஜி போன்ற நட்சத்திரங்கள் மூட்டை கட்டினார்கள். அந்த இடத்துக்குப் புதுமுகங்கள் வந்தார்கள்.

அவர்களில் ஒருவர் இசாயாமா ஹிரோகோ. 1972-இல் ஒரு படத்தில் பிக்பாக்கெட்காரனிடம் மனசைப் பறிகொடுத்தவள். அதே ஆண்டு குமாஷிரோ தாட்சுமியின் படத்தில், ஒசாகாவின் புகழ்பெற்ற ஆடைகளைந்தாடும் நடனக்காரி இச்சிஜோ சாயுரி தன் சொந்தப் பெயரிலேயே வந்துபோக, அவரைப் பார்த்து வயிறெரியும் இளையவள். சிரிக்கவும் வைப்பாள், எரிச்சலும் ஊட்டுவாள். அந்த ஆண்டின் சிறந்த நடிகை விருதை 'கினெமா ஜும்போ' இதழ் இந்த இரண்டு படங்களுக்காக இசாயாமாவுக்குக் கொடுத்தது. போலீசார் இதே வகைப் படங்கள் மீது ஆபாச வழக்குப் போட்டிருந்த ஆண்டும் அதுதான். வழக்கு விடுதலையில் முடிய 1980 ஆயிற்று.

விதி எளிது: ஏறத்தாழ எழுபது நிமிடப் படம், பத்து நாள் படப்பிடிப்பு, பத்து நிமிடத்துக்கொரு படுக்கைக் காட்சி. மற்றதெல்லாம் இயக்குநர் இஷ்டம். ஒலியைப் பிறகுதான் சேர்ப்பார்கள். நடிகை தன் மூச்சையும் முனகலையும் டப்பிங் அறையில் மறுபடி கொடுக்க வேண்டும். தணிக்கைக்குப் பயந்து உடம்பில் பட்டை ஒட்டிக்கொண்டு நடிப்பார். போதாததற்குக் காமிராவுக்கு முன்னால் பூச்சாடியோ பாட்டிலோ நிற்கும்.

இயக்குநர்களுக்குக் கிடைத்த சுதந்திரத்தைச் சொல்லித்தான் விமர்சகர்கள் இன்றும் உருகுகிறார்கள். இயக்குநர் சோமாய் ஷின்ஜி இங்கே உதவி இயக்குநராக இருந்தவர். பின்னாளில் 'காமேரா' என்ற ராட்சத ஆமையைத் திரைக்கு மீட்டுவந்த கானேகோ ஷூசுகேவும் இங்கே தொழில் பழகியவர்தான். சரி. ஆனால் அந்தச் சுதந்திரத்துக்கு உடம்பால் வாடகை கட்டியவர்கள் நடிகைகள். பெண்ணை வதைப்பதையே ரசித்துக் காட்டிய படங்களும் இந்தக் கணக்கில் ஏராளம். அவற்றுக்காக நான் ஒப்பாரி வைக்கப்போவதில்லை.

வீட்டுக்குள் வந்த வீடியோ கேசட் கதை எழுதவில்லை, செட் போடவில்லை. வெறும் உடம்பை மலிவாக விற்றது. அத்தோடு ரோமன் போர்னோவின் கதை முடிந்தது.

2016-இல் நாற்பத்தைந்தாம் ஆண்டையொட்டி, அதே பத்து நிமிட விதியோடு ஐந்து இயக்குநர்களை வைத்து நிக்காட்சு ஐந்து படங்கள் எடுத்தது. விதி திரும்பி வந்தது. ஒரு புதுமுகத்தை ஒரே ஆண்டில் இரண்டு நல்ல வேடங்களில் நடிக்கவைத்த அந்த இடைவிடாத படவரிசை வரவில்லை.