நியமனத் தாமதமும் பணிப்பயன்களும்: பணியில் சேர்ந்த நாள் எதற்கெல்லாம் அளவுகோல்?

அரசுப் பணியாளரின் பணிப்பதிவேட்டில் அவர் பணியில் சேர்ந்த நாள் முற்பகலா பிற்பகலா என்பதுவரை குறிக்கப்படுகிறது. தமிழ்நாட்டில் ஆண்டு ஊதிய உயர்வு, பத்தாண்டில் தேர்வு நிலை, இருபதாண்டில் சிறப்பு நிலை, ஓய்வூதியத் திட்டம் எல்லாவற்றுக்கும் அந்த ஒரு பதிவே வேர். தேர்வானவர் ஆணைக்காகக் காத்திருப்பதற்கு இடஒதுக்கீட்டு வழக்கு, சான்றிதழ் சரிபார்ப்பு, காவல்துறை விசாரணை, நியமனத் தடை எனக் காரணங்கள் பல. அவற்றில் அவருடைய பிழை அரிது. ஆனால் இழப்பு முழுவதும் அவர் தலையில்தான் விழுகிறது. வேலை செய்யாதவருக்குச் சம்பளமில்லை என்ற, சம்பளத்துக்கு மட்டும் பொருந்தும் கோட்பாட்டை மற்றப் பயன்களுக்கும் நீட்டியதே இதன் மூலக் கோளாறு.

தமிழ்நாட்டில் 1.4.2003 அன்றோ அதற்குப் பின்போ நியமனம் பெற்றவர்களுக்குப் பங்களிப்பு ஓய்வூதியத் திட்டம் கொண்டுவரப்பட்டது. இதற்கான அரசாணை வெளியானது 6.8.2003இல். ஒரே தேர்வுப் பட்டியலில் அடுத்தடுத்த எண்களில் இருவர் இருப்பதாகக் கொள்வோம். ஒருவருக்கு மார்ச் மாதம் ஆணை கிடைக்கிறது. மற்றவரின் கோப்பு மாவட்ட அலுவலகத்தில் தங்கி ஏப்ரலில் வருகிறது. முன்னவருக்குப் பொது வருங்கால வைப்பு நிதி (ஜி.பி.எஃப்.) எண்ணும் வரையறுக்கப்பட்ட ஓய்வூதியமும் உண்டு. பின்னவரின் அடிப்படை ஊதியத்திலும் அகவிலைப்படியிலும் பத்து விழுக்காடு மாதந்தோறும் பிடித்தம். தேர்வும் தகுதியும் பணியும் ஒன்றே. வேறுபட்டது கோப்பின் வேகம். இடைநிலை ஆசிரியர்கள் 1.6.2009ஐ இன்னும் மறக்காததும் இத்தகைய கோட்டினால்தான். அந்நாளுக்கு முன் சேர்ந்தவருக்கு அப்போது அடிப்படை ஊதியம் 8,370 ரூபாய், பின் சேர்ந்தவருக்கு 5,200 ரூபாய். இருவரும் நடத்துவது அதே வகுப்பு.

தேர்வுப் பட்டியலில் பெயர் இருப்பதாலேயே நியமனம் உரிமையாகிவிடாது என்பதை உச்ச நீதிமன்றம் 1991இல் சங்கர்சன் தாஷ் வழக்கில் நிறுவியது. வேலை செய்யாதவருக்குச் சம்பளமில்லை என்ற கோட்பாடும் பழையது. அதே 1991இல் ஜானகிராமன் வழக்கில், பணியாற்ற ஆயத்தமாக இருந்தவரை நிர்வாகமே விலக்கி வைத்திருந்தால் அக்கோட்பாடு தானாகப் பொருந்தாது என்று நீதிமன்றம் கூறியது. அது ஏற்கெனவே பணியில் இருந்தவரின் பதவி உயர்வு பற்றிய வழக்கு; நியமனத் தாமதத்துக்கு அதை அப்படியே எடுத்தாள முடியாது. எனவே காத்திருந்த காலத்துக்கான சம்பள நிலுவையைக் கேட்பது வலுவற்ற வாதம் என்றே கருதுகிறேன். சங்கங்களின் மனுக்கள் பெரும்பாலும் இந்த வலுவற்ற கோரிக்கையை முதலில் வைத்து, வலுவானதைக் கடைசிப் பத்திக்குத் தள்ளிவிடுகின்றன.

வலுவானவை முதுநிலையும் ஊதிய நிர்ணயமும் ஓய்வூதியமும். பணியமைப்புக்குள் வராத காலத்துக்கு முதுநிலை எப்படித் தருவது என்ற எதிர்வாதம் நியாயமானது. காலியிடம் ஏற்பட்ட நாளிலிருந்து முதுநிலை கோர முடியாது என்பது 2019ஆம் ஆண்டின் மேகச்சந்திர சிங் தீர்ப்பு. ஆனால் காலியிடம் ஏற்படுவது வேறு, தன்னோடு தேர்வானவர்கள் நியமிக்கப்படும்போது ஒருவர் தவறாக விடுபடுவது வேறு. 2020இல் கேரள மாவட்ட நீதிபதித் தேர்வு பற்றிய ஜெயச்சந்திரன் வழக்கில், அப்படி விடுபட்டவருக்குக் கருத்தியலான முதுநிலையை உச்ச நீதிமன்றமே வழங்கியது. சம்பள நிலுவை இல்லாமல் நாளை மட்டும் பின்னுக்கு எடுத்துச் செல்லும் இந்த வழியில் கடந்த காலத்துக்காகக் கருவூலம் ஒரு ரூபாயும் தரவேண்டியதில்லை.

ஓய்வூதியத்தில் மத்திய அரசே இறங்கிவந்தது. அங்கு புதிய ஓய்வூதியத் திட்டம் தொடங்கிய 1.1.2004க்கு முன் தேர்வு முடிவு வெளியாகியும் தாமதமாகச் சேர்ந்தவர்களுக்கு 17.2.2020இல் பழைய திட்டத்தைத் தேர்ந்தெடுக்கும் வாய்ப்பு தந்தது. 3.3.2023 குறிப்பாணை அதை விரித்து, அத்திட்டம் அறிவிக்கப்பட்ட 22.12.2003க்கு முன் அறிவிக்கை வெளியான பணியிடங்களில் சேர்ந்தவர்களுக்கும் வழங்கியது. சேர்ந்த நாளல்ல, அறிவிக்கை நாளே அங்கு அளவுகோல். ஆனால் 31.8.2023க்குள் விருப்பம் தெரிவிக்கவேண்டும் என்ற ஒருமுறை வாய்ப்பாகவே அதை வைத்தார்கள். கொள்கையாக ஏற்றதைச் சலுகையாக வழங்கியது குறையே.

தமிழ்நாட்டில் இதற்குப் புதிய சட்டம் தேவையில்லை. அறிவிக்கை நாள், தேர்வு முடிவு நாள், தாமதத்தின் காரணம் மூன்றையும் நியமன ஆணையிலேயே துறை குறிப்பிடட்டும். காரணம் தேர்வருடையதல்ல எனில் சம்பளம் தவிர்த்த பயன்களுக்கு உடன் தேர்வானவர்களின் நாளையே கொள்ளட்டும். பாதிக்கப்பட்டவர்களும் தாமதிக்கக் கூடாது. 2008ஆம் ஆண்டு தர்சேம் சிங் தீர்ப்பின்படி ஊதியக் குறைவும் ஓய்வூதியக் குறைவும் தொடரும் தவறுகள். அவற்றுக்கும் மனுவுக்கு முந்தைய மூன்றாண்டு நிலுவையே பொதுவாகக் கிடைக்கும். முதுநிலைக்குக் காலம் கடந்து வருவோரை நீதிமன்றம் பெரும்பாலும் திருப்பி அனுப்பிவிடுகிறது.