மேல்மன்றத்துக் கதவைத் தட்டுவது யார்?

கூண்டிலே நிற்கிறான் ஒருவன். நீதிபதி தீர்ப்பைப் படிக்கிறார்: குற்றம் ஐயத்துக்கு இடமின்றி மெய்ப்பிக்கப்படவில்லை, விடுதலை! இறங்கி வருபவன் கண்ணிலே களிப்பு. மன்றத்தின் கடைசி வரிசையிலே, கணவனைப் பறிகொடுத்தவள் கண்ணிலே நீர். கதை அத்துடன் முடிந்ததா? முடிந்தது என்ற நாடும் உண்டு, முடியவில்லை என்ற நாடும் உண்டு. நாம் இரண்டாம் வகை. எப்படி ஆனோம் என்பது தோழர்கள் அறியவேண்டிய வரலாறு.

இங்கிலாந்திலே ஜூரி 'குற்றவாளி அல்ல' என்று கூறிவிட்டால் அதுவே முடிவு. மன்னனே முனைந்தாலும் அதே குற்றத்துக்காக அவனை மறுபடி கூண்டேற்ற முடியாது. அடக்குமுறைக்கு அஞ்சியோர் எழுப்பிய அரண் அது. அதை நாம் எள்ளி நகையாட மாட்டோம். அந்த அரணிலும் 2003-ஆம் ஆண்டுச் சட்டம் சிறு வாயில் ஒன்றைத் திறந்தது. 1993-ல் லண்டனிலே பேருந்துக்குக் காத்திருந்த ஸ்டீபன் லாரன்ஸ் என்ற கருப்பின இளைஞன், வெள்ளையர் கும்பலால் குத்திக் கொல்லப்பட்டான். 1996-ல் விடுதலை பெற்ற ஒருவனின் விடுதலையை, புதிய தடயச் சான்றின்பேரில், 2011-ல் மேல்மன்றம் நீக்கிற்று. 2012-ல் அவன் தண்டனை பெற்றான். பெற்றோர் ஓயாது போராடியதன் பயன்!

அதே இங்கிலாந்து இங்கே வேறு முகம் காட்டிற்று. 1861-ஆம் ஆண்டுக் குற்றவியல் நடைமுறைச் சட்டம், விடுதலைத் தீர்ப்பின்மீது மேல்முறையீடு கூடாது என்றது. 1872-ஆம் ஆண்டுச் சட்டமோ, சர்க்கார் செய்துகொள்ளலாம் என்றது. சொந்த நாட்டிலே சர்க்காருக்குத் தராத ஆயுதத்தை, அடிமை நாட்டிலே தானே எடுத்துக்கொண்டது வெள்ளையர் ஆட்சி. கவனியுங்கள் — சர்க்காருக்கு மட்டும்! கடைசி வரிசையிலே கண்ணீர் வடித்தாளே, அவளுக்கு அல்ல.

கதவு திறந்தது, எவ்வளவு அகலம்? உயர்நீதிமன்றங்கள் ஆளுக்கொன்று பேசின. கீழ்மன்றம் அறவே முறைகெட்டு நடந்திருந்தாலன்றித் தலையிடலாகாது என்றன சில. 1934-ல், ஷியோ ஸ்வரூப் வழக்கிலே, லண்டன் பிரிவி கவுன்சில் விடை கூறிற்று. சான்றுகள் அனைத்தையும் புதிதாக எடைபோட்டு விடுதலையை மாற்ற உயர்நீதிமன்றத்துக்கு முழு அதிகாரம் உண்டு. ஆனால் நான்கை மறத்தல் கூடாது. சாட்சிகள் நம்பத்தக்கவர்களா என்பது பற்றி விசாரித்த நீதிபதி கொண்ட கருத்து ஒன்று. குற்றம் சாட்டப்பட்டவன் நிரபராதி என்ற துணிபு, விடுதலை பெற்றதால் தளர்ந்துவிடவில்லை என்பது மற்றொன்று. ஐயத்தின் பயன் அவனுக்கே என்பது மூன்றாவது. சாட்சியை நேரில் கண்டவரின் முடிவை, காகிதத்திலே படிப்பவர் அவசரப்பட்டுக் கலைக்கலாகாது என்பது நான்காவது. இந்த நான்காவதன் அருமை பள்ளியிலே பணியாற்றும் நமக்கு நன்கு தெரியும். சண்டையிட்ட இரு சிறுவர்களின் முகம் சொல்வதை, அவர்கள் எழுதித் தந்த தாள் சொல்வதில்லை!

1952-ல் உச்சநீதிமன்றம், 'கணிசமான, வலுவான காரணங்கள்' வேண்டும் என்றது. வழக்கறிஞர்கள் அந்தச் சொற்களை மந்திரம்போல் ஓதத் தொடங்கினர். சன்வத் சிங் வழக்கிலே நீதிபதி சுப்பா ராவ் அந்த மந்திரத்தைக் கலைத்தார். அச்சொற்கள் அதிகாரத்துக்கு வேலி அல்ல. மாற்றுகிறவர் காரணம் காட்டவேண்டும் என்பதே பொருள் என்றார். 2007-ல் சந்திரப்பா வழக்கு இவற்றையெல்லாம் தொகுத்துத் தந்தது. ஒரே சான்றிலிருந்து நியாயமான இரு முடிவுகள் எழக்கூடுமானால், விடுதலையை அசைக்கலாகாது என்பது அதிலே முக்கியமான விதி.

நல்ல விதிதான். ஆனால் நியாயமான முடிவு எது? இங்கேதான் வெண்மணி நம் நெஞ்சைச் சுடுகிறது. 1968 டிசம்பர் 25. கூலி உயர்வு கேட்டது குற்றமாயிற்று. தாழ்த்தப்பட்ட உழவர் குடும்பங்களைச் சேர்ந்த 44 பேர், பெரும்பாலும் பெண்டிரும் பிள்ளைகளும், குடிசையிலே எரிந்து மாண்டனர். நாகை செஷன்ஸ் மன்றம் மிராசுதார் சிலரைத் தண்டித்தது. சென்னை உயர்நீதிமன்றம் அவர்களை விடுவித்தது. சொன்ன காரணங்களிலே ஒன்றைக் கேளுங்கள். ஏராளமான நிலம் உடையவர்கள், ஒருவர் கார்கூட வைத்திருப்பவர். இப்படிப்பட்டவர்கள் ஏவலாளை அனுப்பாமல் தாமே நடந்துபோய்த் தீ வைத்தார்கள் என்பதை நம்ப இயலவில்லையாம்! நிலமும் காரும் நிரபராதித்துவத்துக்குச் சான்றாகிவிட்டன. பகுத்தறிவு இதை ஏற்குமா? உச்சநீதிமன்றத்திலும் அந்த விடுதலையே நிலைத்தது.

அதற்காக, விடுதலைகளையெல்லாம் மேல்மன்றம் விருப்பம்போல் உடைக்கட்டும் என்று நாம் சொல்லவில்லை. பொய்வழக்கிலே சிக்கி மீண்ட ஏழையைத் திரும்பத் தூக்குமேடைக்கு அனுப்பவும் அதே அதிகாரத்தால் முடியும். விடுதலையை மாற்றி உயர்நீதிமன்றம் மரண தண்டனை விதித்தால், உச்சநீதிமன்றம் செல்வது அவன் உரிமை என்று அரசியல் சாசனத்தின் 134-ஆம் பிரிவு வகுத்திருப்பது இந்த அச்சத்தினால்தான்.

அந்தக் கடைசி வரிசைக்கு வருவோம். 1955-ல் வந்த திருத்தம், தனியார் புகாரால் எழுந்த வழக்குகளிலே புகார் தந்தவரும், தனி அனுமதி பெற்று, மேல்முறையீடு செய்யலாம் என்றது. போலீஸ் நடத்தும் கொலை வழக்குகளிலே பழைய நிலைதான். சர்க்கார் வாளாவிருந்தால் வழக்கு செத்தது. ஆயினும் தமிழகத்துக் கொலை வழக்கு ஒன்றிலே, உயர்நீதிமன்றம் எதிரியை விடுவித்தபின், இறந்தவரின் உடன்பிறந்தவர் தாமே உச்சநீதிமன்றத்தை நாடினார். 1979-ல் அந்த விடுதலை நீங்கிற்று. தண்டனை பெற்றவர், யாரோ ஒரு தனிமனிதர் மனுவின்பேரில் என் உரிமையைப் பறிக்கலாமா என்று வாதாடினார். ஐந்து நீதிபதிகள் அமர்ந்து, பறிக்கவில்லை, நடைமுறை முறையானதே என்று 1980-ல் தீர்ப்பளித்தனர்.

அதுவும் உச்சநீதிமன்றம் மனமுவந்து தந்த அனுமதியே. உரிமையாக அது சட்டத்திலே ஏறியது 2009 டிசம்பர் 31 அன்று. பாதிக்கப்பட்டவர் விடுதலைத் தீர்ப்பை எதிர்த்து மேல்முறையீடு செய்யலாம் என்ற திருத்தம் அன்று நடைமுறைக்கு வந்தது. அதற்கு முன் அனுமதிகூட வேண்டியதில்லை என்று 2018-ல் உச்சநீதிமன்றம் தெளிவாக்கிற்று. 1872-ல் சர்க்காருக்குத் திறந்த கதவு, கடைசி வரிசைக்குத் திறக்க 137 ஆண்டுகள் ஆயின. இப்போது அவள் எழுந்து வந்து, மேல்முறையீட்டு மனுவிலே தன் பெயரையே எழுதிக் கையெழுத்திடலாம்.