ஏடு இல்லாதவரிடம் ஏடு கேட்டல்

தாம்பரத்தைக் கடந்து செங்கல்பட்டு நோக்கிச் செல்லும் நிலப்பரப்பில், ஏரிக்கரைகளிலும் காப்புக்காடுகளின் ஓரங்களிலும் இருளர் குடியிருப்புகள் இருப்பதை வாசகர்கள் அறிந்திருக்கலாம். தமிழ்நாட்டின் பழங்குடிப் பட்டியலில் இருளர் பெயர் உண்டு. மிகவும் நலிவுற்றவை என நடுவண் அரசு வகுத்துள்ள தமிழகத்தின் ஆறு பழங்குடிகளுள் இதுவும் ஒன்று. ஆயினும், பள்ளியிலோ கல்லூரியிலோ சேர விழையும் இருளர் பிள்ளை, தான் இருளர் என்பதை மெய்ப்பிப்பது எளிதாக இல்லை. இத்தடைக்கு அலுவலர்களின் மெத்தனம் மட்டுமே காரணமன்று. அதற்கொரு வரலாறும் உண்டு. அதைச் சற்றே நோக்குவோம்.

1882ஆம் ஆண்டின் சென்னை வனச் சட்டம் காடுகளைக் காப்புக்காடுகளாக வரையறுத்தது. வேட்டையும் கிழங்கும் தேனுமாக வாழ்ந்த மக்கள் காட்டின் மீதிருந்த உரிமையை இழந்தனர். வெளியே நிலமும் பெறவில்லை. நிலமில்லாதவருக்குப் பட்டா ஏது? பள்ளி செல்லாதவருக்குப் பதிவேடு ஏது? சென்னை அருங்காட்சியகத்தின் கண்காணிப்பாளராக இருந்த எட்கர் தர்ஸ்டன், ரங்காச்சாரியின் துணையோடு 1909இல் வெளியிட்ட ஏழு தொகுதிகளில் இருளரைப் பற்றி எழுதினார். இனத்தை ஏட்டில் ஏற்றிய அதே ஆட்சி, அவ்வினத்தின் மனிதர்களைத் தன் பதிவேடுகளில் பெரிதும் ஏற்றவில்லை.

விடுதலைக்குப் பின்னும் இம்முரண் நீடித்தது. பாம்புத்தோல் வணிகத்தை நம்பியிருந்த இருளரின் பிழைப்பை 1972ஆம் ஆண்டின் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டம் முடக்கியது. பின்னர் 1978இல் அவர்களுக்கெனக் கூட்டுறவுச் சங்கம் உருவாயிற்று. வடநெம்மேலியில் பாம்பின் நஞ்சை எடுத்து, கடிமருந்து தயாரிப்போருக்கு வழங்கும் சங்கம் அது. அதற்கெனப் பாம்பு பிடிக்க அரசே உரிமம் வழங்குகிறது. செங்கல்பட்டு மாவட்டத்து இருளர்களான மாசி சடையனுக்கும் வடிவேல் கோபாலுக்கும் 2023இல் பத்மஸ்ரீ அறிவிக்கப்பட்டது. இருளரின் அறிவை அரசு ஐயமின்றி ஏற்கிறது. ஒருவர் இருளர் என்பதை ஏற்கத்தான் ஆவணம் கேட்கிறது.

தமிழகத்தில் பழங்குடிச் சான்று வழங்கும் அதிகாரம் 1989இல் வட்டாட்சியரிடமிருந்து கோட்டாட்சியருக்கு மாற்றப்பட்டது. 2019இல் செங்கல்பட்டு தனி மாவட்டமான பின், புறநகரின் இப்பகுதியினர் தாம்பரம் கோட்டாட்சியரை நாட வேண்டியவராயினர். இக்கடுமைக்கு நியாயம் இல்லாமல் இல்லை. பழங்குடியல்லாதோர் பெயர் ஒற்றுமையைப் பயன்படுத்திச் சான்று பெறுவது நாடெங்கும் நிகழ்ந்தது. மகாராட்டிரத்திலிருந்து எழுந்த குமாரி மாதுரி பாட்டீல் வழக்கில், 1994இல் உச்ச நீதிமன்றம் ஆய்வுக் குழுக்களை அமைக்கச் சொன்னதும் இதனாலேயே. குலதெய்வம், திருமணமுறை, இறுதிச் சடங்கு முதலியவற்றை விசாரித்து, விண்ணப்பதாரர் அவ்வினத்தோடு பொருந்துகிறாரா எனக் காணும் முறை அவ்வழக்கினால் நிலைபெற்றது. 1950க்கு முற்பட்ட ஆவணங்களுக்கு வலு மிகுதி என்பதும் நீதிமன்றங்கள் ஏற்ற நெறி.

ஆனால் பொய்யுரைப்போரைத் தடுக்க இட்ட வேலி, மெய்யானவரையும் தடுத்தது. 1950க்கு முன் நிலமும் கல்வியும் உடையோரிடமே ஆவணம் இருக்கும். பெயரிலும் சிக்கல் உண்டு. இப்பகுதி இருளரை ‘வில்லியர்’ என்றும் அழைப்பர். பழைய ஏட்டில் அப்பெயர் இருப்பின் என்செய்வது? பட்டியலை உள்ளவாறே படிக்க வேண்டும். விசாரணை நடத்தி அதில் சேர்க்கவோ நீக்கவோ நீதிமன்றங்களுக்கு அதிகாரமில்லை என்று 2000இல் மிலிந்த் வழக்கில் ஐவர் அமர்வு தீர்ப்பளித்தது.

பழங்குடிக்கு 1965இல் லோகூர் குழு கூறிய இலக்கணங்களுள் நிலவியல் தனிமையும் பிறரோடு பழகக் கூச்சமும் அடங்கும். இன்று இருளர் ஊரைத் தேடிப் போகவில்லை. ஊர்தான் அவர்களைச் சூழ்ந்துகொண்டது. அரிசி ஆலையிலும் செங்கற்சூளையிலும் உழைப்பவரிடம் தனிமையைத் தேடினால் கிட்டுமா? நல்லவேளையாக, இடப்பெயர்வாலும் நவீன வாழ்வாலும் பழக்கங்கள் மாறக்கூடும் என்பதை உச்ச நீதிமன்றம் 2011இல் ஏற்றது. பண்புப் பொருத்தச் சோதனை இறுதி உரைகல் ஆகாது என்பதை 2023இல் மூவர் அமர்வு உறுதிசெய்தது.

சான்று வேண்டுமெனில் அது வேறு வடிவில் இருக்கவே செய்கிறது. ஆண்டுதோறும் மாசிமகத்தன்று மாமல்லபுரக் கடற்கரையில் இருளர் பெருந்திரளாகக் கூடி, மணலில் கன்னியம்மனை வழிபட்டு, திருமணங்களும் நடத்துகின்றனர். தெய்வமும் உறவும் மணமுறையும் அங்கே வெளிப்படையாகவே தெரிகின்றன. 2021 நவம்பரில் மாமல்லபுரத்தை அடுத்த பூஞ்சேரிக்கு முதலமைச்சரே சென்று இருளர், நரிக்குறவர் குடும்பங்களுக்குப் பட்டாவும் சாதிச்சான்றும் வழங்கினார். அலுவலகம் குடியிருப்பைத் தேடிச் சென்றால் காரியம் நடக்கும் என்பதற்கு அதுவே எடுத்துக்காட்டு.

கல்வெட்டு இல்லாத ஊருக்கு வரலாறே இல்லை என்று நாம் சொல்வதில்லை. வாய்மொழியையும் வழிபாட்டையும் சான்றாகக் கொள்கிறோம். அதே அளவுகோலை அரசும் கைக்கொள்ள வேண்டும். தாம் எழுதத் தவறிய ஏட்டை ஆள்வோர் அம்மக்களிடமே கேட்பது முறையாகுமா என்பதை வாசகர்களே எண்ணிப் பார்க்கட்டும்.