ஜன்னலுக்கு வேலை இல்லாத வீடு

திருவல்லிக்கேணிப் பக்கம் பஸ்ஸில் போயிருக்கிறீர்களா? 'ஐஸ் ஹவுஸெல்லாம் முன்னாடி வா!' என்று கண்டக்டர் குரல் கொடுப்பார். இறங்குகிறவர்களில் பாதிப் பேருக்கு அந்த இடத்துக்கு ஏன் அப்படிப் பெயர் வந்தது என்று தெரியாது. 'அந்தக் காலத்துல ஐஸ் ஃபேக்டரி இருந்திருக்கும், ஸார்' என்று மயிலாப்பூர் நண்பர் ஒருவர் அடித்துச் சொன்னார். இல்லை. அங்கே ஒரு நாளும் ஐஸ் தயாரித்ததில்லை. வைத்திருந்தார்கள், அவ்வளவுதான். தயாரித்தது கடவுள். தயாரித்த இடம், அமெரிக்காவில் பாஸ்டன் நகரைச் சுற்றியிருக்கும் ஏரி குளங்கள்!

மெரீனாவுக்கு எதிரே, முன்பக்கம் வளைந்து, மேலே அடுக்கிய கேக் மாதிரி நிற்கிறதே விவேகானந்தர் இல்லம்... அதுதான் ஐஸ் ஹவுஸ். 1842-ல் கட்டியது. கட்டிய கம்பெனியின் முதலாளி ஃபிரெடரிக் டியூடர் என்ற பாஸ்டன்காரர். இவர் கதையை முதலில் கேளுங்கள்.

1806-ல், தன் 22-வது வயதில், குளிர்காலத்தில் உறைந்த குளத்தை வெட்டி, 130 டன் ஐஸைக் கப்பலில் ஏற்றி, மார்டினிக் என்ற வெயில் தீவுக்கு அனுப்பினார் டியூடர். ஊரே சிரித்தது. ஐஸ் போய்ச் சேர்ந்தது. ஆனால் இறக்கி வைக்க அங்கே இடமில்லை. கண்ணெதிரே தண்ணீராகப் போச்சு. அடுத்து கடன், கடனுக்காக ஜெயில். மனிதர் அசரவில்லை. பிற்பாடு காப்பிக்கொட்டை சூதாட்ட வியாபாரத்தில் கைவைத்து, இரண்டு லட்சம் டாலருக்கு மேல் கடனாளி ஆனார். காப்பியில் விட்ட காசை அவர் திரும்ப எடுத்தது கல்கத்தாவில் விற்ற ஐஸில். மயிலாப்பூர்வாசிகள் குறித்துக்கொள்ளவும்!

1833 மே 12-ம் தேதி 'டஸ்கனி' என்ற கப்பல் 180 டன் ஐஸோடு பாஸ்டனை விட்டுக் கிளம்பியது. சூயஸ் கால்வாய் வெட்டாத காலம். ஆப்பிரிக்காவின் தென்முனையைச் சுற்றிக்கொண்டு, பூமத்திய ரேகையை இரண்டு தடவை கடந்து, நான்கு மாதம் கழித்து செப்டம்பரில் கல்கத்தா போய்ச் சேர்ந்தபோது, சுமார் 100 டன் மிச்சம் இருந்தது.

நான்கு மாதம் ஸார்! நம் வீட்டில் கரன்ட் போனால் ஃப்ரீசரில் இருக்கிற ஐஸ் ட்ரே நாலு மணி நேரம் தாங்குமா?

ஒரு சின்னக் கணக்குப் போட்டுப் பார்த்தேன். ஒரு கிலோ ஐஸ் உருக 334 கிலோஜூல் வெப்பம் வேண்டும். அதே வெப்பத்தைக் கொடுத்தால் ஒரு கிலோ தண்ணீர், பூஜ்யத்திலிருந்து 80 டிகிரிக்குச் சூடாகிவிடும். அத்தனையையும் குடித்துவிட்டுத்தான் ஐஸ் உருகவே சம்மதிக்கும். டஸ்கனியில் உருகியது 80 டன். அதை நான்கு மாதத்துக்குப் பங்கு போட்டால், கப்பலின் வயிற்றுக்குள் போன வெப்பம் சராசரியாக இரண்டரை கிலோவாட். உங்கள் பாத்ரூம் கெய்சர் கிட்டத்தட்ட அவ்வளவு இழுக்கும். வெப்ப மண்டலக் கடல் முழுவதும் சேர்ந்து நான்கு மாதம் முட்டி மோதியும், உள்ளே நுழைந்த சூடு ஒரு கெய்சர் அளவுதான்!

எப்படி முடிந்தது? மரத்தூள்.

மெய்ன் மாகாணத்தில் மரம் அறுக்கும் மில்களில் மலை மலையாகக் குவிந்து கிடந்த குப்பை. டியூடர் முதலில் வைக்கோலைத்தான் போட்டுப் பார்த்தார். மரத்தூள் அதைத் தூக்கிச் சாப்பிட்டது. காரணம், தூளுக்கும் தூளுக்கும் இடையில் சிக்கிக்கொண்டு நகர முடியாமல் நிற்கும் காற்று. அசையாத காற்றைப் போல சூட்டைத் தடுக்கிற சரக்கு மலிவில் வேறு கிடையாது. அதே காற்று அசைந்தால் கதை தலைகீழ். சூட்டை அள்ளிக்கொண்டு வந்து கொட்டிவிட்டு, அடுத்த லோடுக்குப் போய்விடும். டியூடரின் கூட்டாளி நத்தேனியல் வைத் குதிரை இழுக்கும் வெட்டுக் கலப்பை ஒன்றை 1825 வாக்கில் செய்தார். அது ஐஸைச் சதுரம் சதுரமாக, ஒரே அளவில் வெட்டித் தந்தது. இடைவெளி விடாமல் அடுக்கலாம். நடுவில் காற்று புகுந்து ஊர்வலம் போக முடியாது.

இன்னொரு தந்திரம், அளவு. ஒரு அடி கனசதுர ஐஸை விட பத்தடி கனசதுர ஐஸில் ஆயிரம் மடங்கு சரக்கு இருக்கிறது. ஆனால் வெயில் படுகிற மேல்பரப்பு நூறு மடங்குதான். பெரிய குவியல் மெதுவாகத்தான் உருகும். 1846-47 குளிர்காலத்தில் டியூடரின் ஆட்கள் நூறு பேர் வால்டன் குளத்துக்கு வந்து ஐஸ் வெட்டியதை, அந்தக் கரையில் தனியாகக் குடிசை போட்டிருந்த தோரோ உட்கார்ந்து வேடிக்கை பார்த்து எழுதியிருக்கிறார். மதராஸ்காரர்களும் தன் கிணற்றுத் தண்ணீரைக் குடிக்கிறார்கள் என்று அவருக்கு ஒரே பெருமை. பத்தாயிரம் டன் இருக்கும் என்று மதிப்பிட்ட ஒரு குவியலை வைக்கோலும் பலகையும் போட்டு மூடினார்கள். அடுத்த ஜூலையில் கூரையைப் பிரித்துக் கொஞ்சம் எடுத்துப் போனார்கள். மிச்சம் வெயிலில் கிடந்தது. 1848 செப்டம்பர் வரை அது முழுசாக உருகவில்லையாம்!

இதெல்லாம் டியூடருக்குப் பட்டறிவு. 'ஏன்' என்ற கேள்விக்குச் சரியான பதில் வர இன்னும் அறுபது வருஷம் ஆனது. 1904 ஆகஸ்டில், ஜெர்மனியின் ஹைடல்பர்க் நகரில் கணித மேதைகளின் உலக மாநாடு. லுட்விக் பிராண்டல் என்ற 29 வயது எஞ்சினீயர் எழுந்து பத்தே நிமிஷம் பேசினார். அச்சில் எட்டுப் பக்கம். அன்றைக்கு யாரும் பெரிதாகக் கண்டுகொள்ளவில்லை. அவர் சொன்னது இதுதான். காற்றோ தண்ணீரோ ஒரு பொருளை உரசிக்கொண்டு ஓடும்போது, அதை ஒட்டியிருக்கும் துளி நகர்வதே இல்லை. ஒட்டிக்கொண்டு நிற்கும். அதற்கு மேலே உள்ளது கொஞ்சம் நகரும். அதற்கும் மேலே இன்னும் வேகம். சில மில்லிமீட்டர் தள்ளிப் போனால் முழு வேகம். இந்த மெல்லிய அடுக்குக்குள்தான் எல்லா நாடகமும் நடக்கிறது. இதற்குப் பெயர் எல்லை அடுக்கு. 1921-ல் போல்ஹவுசன் என்பவர் இதே கணக்கை வெப்பத்துக்கும் போட்டார். வேகத்துக்கு ஒரு அடுக்கு இருப்பதுபோல, சூட்டுக்கும் ஓர் அடுக்கு உண்டு. காற்றில் இரண்டும் ஏறக்குறைய ஒரே கனம். தண்ணீரில் சூட்டு அடுக்கு பாதிதான் இருக்கும்.

புரியவில்லையா? டபராவில் காப்பியை எடுங்கள். சும்மா வைத்தால் காப்பியின் மேல் சூடான, ஈரமான காற்று ஒரு போர்வை மாதிரி படிந்து நிற்கும். ஊதுகிறீர்கள். போர்வை கிழிகிறது. அடுக்கு மெலிகிறது. சூடு சட்டென்று வெளியேறுகிறது. மாமி டபராவுக்கும் டம்ளருக்கும் ஒரு முழம் உயரத்தில் ஆற்றும்போது, எல்லை அடுக்கைத் தங்கவே விடுவதில்லை. பிராண்டலுக்கு முன்பே நம் வீட்டில் தெரிந்த வித்தை என்று மார்தட்ட வேண்டாம். தெரிந்திருந்தது, கணக்குத்தான் போடவில்லை.

வங்காளத்தில் இதைவிட ஆச்சரியமான வித்தை ஒன்று இருந்தது. டியூடர் வருவதற்கு முன்பு ஹூக்ளிப் பக்கம் பனிக்காலத்தில், தரையில் பள்ளம் எடுத்து, வைக்கோல் பரப்பி, ஆழமில்லாத மண் தட்டுகளில் தண்ணீர் ஊற்றி ராத்திரி வைப்பார்கள். மேகமில்லாத வானத்துக்குச் சூட்டை இழந்து, தண்ணீர் விடியற்காலையில் மெல்லிய ஐஸ் ஆகியிருக்கும். ஒரே நிபந்தனை, காற்று வீசக்கூடாது. வீசினால் அடுக்கு கலைந்து, மேலே இருக்கும் சூடு கீழே வந்துவிடும். ராத்திரி உழைப்பு அவ்வளவும் வீண். நம் மதராஸுக்கு இந்த வித்தையெல்லாம் கதைக்கு உதவாது. மார்கழியில்கூட இங்கே ஸ்வெட்டர் போடுவது ஃபேஷனுக்குத்தான். வெட்டிவேர்த் தட்டி, மண்பானை, பங்கா இழுக்கும் ஆள்... அவ்வளவுதான் வசதி. ஆகவேதான் அமெரிக்க ஐஸுக்கு இங்கே அப்படி ஒரு மவுசு.

அன்றைக்கு மதராஸில் துறைமுகம் கிடையாது. கப்பல் தூரத்தில் நிற்கும். கயிற்றால் தைத்த மசூலா படகில்தான் எந்தச் சரக்கும் அலை தாண்டிக் கரை சேரும். ஐஸும் அப்படித்தான். பூமத்திய ரேகையை இரண்டு தடவை தாண்டியவனுக்கு, கடைசி அரை மைல்தான் கண்டம். மரத்தூள் போர்வை இல்லை. மேலே வெயில், சுற்றிலும் கடல் காற்று. பனிக்கட்டியைச் சுமந்த கூலி ஆட்களின் முதுகில் என்ன நடந்திருக்கும் என்று யாராவது எழுதி வைத்திருக்கிறார்களா என்று தேடிப் பார்த்தேன். துரைமார் விருந்தில் ஒயின் எவ்வளவு சில்லென்று இருந்தது என்றுதான் எழுதியிருக்கிறார்கள்.

ஐஸ் ஹவுஸைக் கடலை ஒட்டிக் கட்டியது இதனால்தான். அப்போது கடல் இன்னும் பக்கத்தில் இருந்தது. துறைமுகச் சுவர் எழும்பிய பிறகுதான் மணல் சேர்ந்து மெரீனா இவ்வளவு அகலமானது.

வியாபாரம் முப்பது வருஷம் ஓடியது. டியூடர் 1864-ல் போய்ச் சேர்ந்தார், பணக்காரராகத்தான். 1874-ல் மதராஸிலேயே 'இன்டர்நேஷனல் ஐஸ் கம்பெனி' நீராவி எந்திரம் வைத்து ஐஸ் செய்ய ஆரம்பித்ததும், பாஸ்டன் ஐஸை யார் வாங்குவார்கள்? காலியாக நின்ற கட்டடத்தை ஹைகோர்ட் வக்கீல் பிலிகிரி அய்யங்கார் வாங்கினார். நீதிபதி கெர்னன் நினைவாக 'காஸில் கெர்னன்' என்று பெயர் வைத்தார். குடியிருக்க வேண்டுமே! வளைந்த தாழ்வாரங்கள் போட்டார். சுவரில் ஜன்னல் ஜன்னலாக வைத்தார். அப்படியும் காற்றோட்டம் போதவில்லை. எப்படிப் போதும்? காற்றை உள்ளே விடக்கூடாது என்று ஒரே பிடிவாதமாகக் கட்டிய கட்டடம் ஆயிற்றே! ஐஸுக்கு எது சொர்க்கமோ அது மனுஷனுக்குப் புழுக்கம்.

அந்த வீட்டில்தான் 1897 பிப்ரவரியில், மேல்நாட்டிலிருந்து திரும்பிய விவேகானந்தர் ஒன்பது நாள் தங்கினார். பிறகு அவருடைய குருபாயி ராமகிருஷ்ணானந்தர் அங்கேயே மடம் தொடங்கினார். அய்யங்கார் காலமான பின் 1906-ல் வீடு ஏலத்துக்குப் போனது. மடம் மயிலாப்பூருக்கு நகர்ந்தது. 1917-ல் அரசாங்கம் கட்டடத்தை வாங்கியது. சகோதரி சுப்பலட்சுமி நடத்திய பால்ய விதவைகள் இல்லம் பல வருஷம் இங்கே இயங்கியது. பதினோரு வயதில் புருஷனை இழந்து மயிலாப்பூரிலும் தஞ்சாவூரிலும் இருட்டறையில் முடங்க வேண்டிய பெண்கள், அய்யங்கார் வைத்த ஜன்னல்களைத் திறந்து, கடலைப் பார்த்தபடி பாடம் படித்தார்கள். கல்கத்தாவிலும் பம்பாயிலும் இருந்த டியூடரின் ஐஸ் கிடங்குகளை இடித்துவிட்டார்கள். மிஞ்சியது நம்முடையது மட்டும்தான். 1963-ல் விவேகானந்தர் நூற்றாண்டுக்கு அவர் பெயரைச் சூட்டினார்கள். கண்டக்டர்கள்தான் இன்னும் ஒப்புக்கொள்ளவில்லை.

இந்த எல்லை அடுக்கு ஐஸுக்கு மட்டும் சொந்தமில்லை. ஊரையே மூடுகிற எல்லை அடுக்கு ஒன்றும் இருக்கிறது. கோடையில் மத்தியானம் கடல் காற்று கரையேறும்போது, கொதிக்கிற தரையைத் தொட்டுத் தொட்டு அடியிலிருந்து சூடாகிக்கொண்டே போகிறது. உள்ளே போகப் போக இந்தச் சூட்டு அடுக்கின் உயரம் கூடும். அதனால்தான் சாந்தோமிலும் அடையாறிலும் 'அப்பாடா' என்று இருக்கிற அதே காற்று, தி.நகர் ரங்கநாதன் தெருவுக்கு வரும்போது பாதி வெந்திருக்கும். கல்பாக்கம் விஞ்ஞானிகள் இந்த அடுக்கை விடாமல் அளக்கிறார்கள். புகைபோக்கியிலிருந்து வருவது மேலே போகுமா, தரைக்குத் திரும்புமா என்பது அதைப் பொறுத்தது.

கடல் காற்று வராத நாள்? 2003 மே 31-ம் தேதி நுங்கம்பாக்கத்தில் 45 டிகிரி பதிவானது. நம் தோலின் சூடு சுமார் 35. அன்றைக்கு மாடி ரூமில் ஃபேனைப் போட்டால் என்ன ஆகும், யோசியுங்கள். ஃபேன் உங்கள் உடம்பைச் சுற்றியுள்ள அடுக்கை மெலிய வைக்கிறது. வெளியே உங்களை விடச் சூடு. ஆகவே சூடு உள்ளேதான் பாயும்! காப்பாற்றுவது வியர்வை ஒன்றுதான். அது காயும்போது சூட்டை எடுத்துப் போகிறது. வயதானவர்களுக்கு வியர்வை குறைவாகத்தான் சுரக்கும். 'ஃபேன் ஓடுதே, தாத்தாவுக்கு என்ன' என்று விட்டுவிட்டு ஆபீஸ் போகாதீர்கள். ஈரத்துணியால் அடிக்கடி உடம்பைத் துடைத்துவிட ஒரு ஆள் பக்கத்தில் இருக்கட்டும்.

ஐஸ் ஹவுஸைப் பார்க்கப் போனால், வெளியே வந்து கடலோரமாகத் தெற்கே கொஞ்ச தூரம் நடந்து நொச்சிக்குப்பம் பக்கம் போய்ப் பாருங்கள். மீன் விற்கிற அம்மாக்கள் தெர்மோகோல் பெட்டியில் ஐஸ் வைத்திருப்பார்கள். தெர்மோகோல் என்பது ஏறக்குறைய மொத்தமும் காற்றுதான். தப்பிக்க முடியாமல் குட்டிக் குட்டி அறைகளில் அடைத்து வைத்த காற்று. நான் போன அன்று ஒரு அம்மாவிடம் பெட்டியைத் திறந்து காட்டச் சொன்னேன். 'மீன் வாங்கறதுன்னா தொறக்கறேன். சும்மா தொறந்தா ஐஸ் போயிரும் சாமி' என்றார். அரைக் கிலோ சங்கரா வாங்கிக்கொண்டேன்.