பன்சி சந்திரகுப்தாவின் முற்றம்: ஓர் அரங்கின் வரலாறு

சத்யஜித் ரேயின் ‘அபராஜிதோ’வில் (1956) வரும் காசி வீட்டைப் பற்றி எழுதுவோர் பெரும்பாலும் ஒளிப்பதிவாளர் சுப்ரதா மித்ராவின் கூற்றையே சான்றாகக் கொள்கின்றனர். திறந்தவெளியில் எழுப்ப எண்ணிய அரங்கை, மழைக்கு அஞ்சி, கலை இயக்குநர் பன்சி சந்திரகுப்தா கல்கத்தா ஸ்டுடியோவுக்குள் கொண்டுபோனார். நிழல் விழாத வானொளியை உள்ளே உண்டாக்க முடியாது என்று மித்ரா வாதாடியும் பலிக்கவில்லை. முடிவில் முற்றத்துக்கு மேலே வெள்ளைத் துணியை விரித்துக் கட்டி, விளக்கொளியை அதில் மோதித் திரும்பவிட்டார். அரங்கு இடையூறு, ஒளி அதன் தீர்வு என்ற வாசிப்பு இங்கிருந்தே பிறந்தது.

இதை என்னால் ஏற்க இயலவில்லை. மித்ராவின் நேர்மையை நான் ஐயுறவில்லை. ஆனால் அது வாதத்தில் தோற்ற ஒருவரின் சாட்சியம். அதற்குள்ளேயே எதிர்வாதமும் கிடக்கிறது. முதல் திட்டம் திறந்தவெளிக்கானது என்றால், அந்த வீடு தலைக்கு மேல் வானம் இருப்பதாகவே வரையப்பட்டிருக்க வேண்டும். ஸ்டுடியோவுக்குள் வந்தபின்னும் முற்றம் முற்றமாகவே நின்றது. அதை மூடிய கூடமாக மாற்றியிருந்தால் வேலை எளிதாகியிருக்கும். துணி கட்டப்பட்டது வானம் இருந்திருக்க வேண்டிய இடத்தில். ஒளி எங்கிருந்து இறங்க வேண்டும் என்பதைத் தச்சர்கள் ஏற்கெனவே தீர்மானித்துவிட்டார்கள். கண்டுபிடிப்பு மித்ராவுடையது, அதைக் கேட்டு நின்ற கேள்வி பன்சியுடையது.

இந்தப் பிடிவாதம் எங்கிருந்து வந்தது? 1924இல் சியால்கோட்டில் பிறந்த பன்சி, ழான் ரெனுவார் வங்கத்தில் எடுத்த ‘தி ரிவர்’ (1951) படத்தில் யூஜின் லூரியேயுடன் பணிபுரிந்தார். கார்கிவ் நகரில் பிறந்து பிரெஞ்சு சினிமாவில் பெயர் பெற்ற லூரியே, ரெனுவாரின் ‘ஆட்டத்தின் விதிகள்’ (1939) படத்துக்கு அமைத்த மாளிகை, ஓர் அறையிலிருந்து இன்னோர் அறையைப் பார்க்கவிடும் மாளிகை. அங்கே ஆட்களின் நடமாட்டம் சுவர்களை வரையும்போதே தொடங்கிவிடுகிறது. பன்சியின் ‘சாருலதா’ (1964) வீட்டில் நாயகி சன்னல் சன்னலாக நடந்து தெருவைப் பார்ப்பதும் அதே இலக்கணத்தில்தான். இரண்டுக்கும் நடுவே நேரடிக் கடன் உண்டென்று நிறுவ ஒற்றுமை மட்டும் போதாது. ஆனாலும் தற்செயல் என்று ஒதுக்கிவிட எனக்கு மனம் வரவில்லை. 1981இல் அவர் மறைந்த ஆண்டில் வெளியான ‘உம்ராவ் ஜான்’ வரை, அவருடைய அரங்குகளில் சுவரைவிட வாசல்களே கூடுதலாகப் பேசுகின்றன.

அரங்கு கலைக்கப்பட்டபின் எஞ்சுவது படச்சுருள் மட்டுமே. அதுவும் தொலைந்தால் இத்தகைய வாதத்துக்கே இடமில்லை என்பதற்குச் சிங்கப்பூரில் ஓர் எடுத்துக்காட்டு உண்டு. காத்தோங்கை ஒட்டி ஈஸ்ட் கோஸ்ட் சாலையில் இயங்கிய கேத்தே-கெரிஸ் ஸ்டுடியோ, ‘அபராஜிதோ’வுக்கு மறு ஆண்டு, பி. என். ராவ் இயக்கத்தில் ‘பொந்தியானாக்’ (1957) படத்தை வெளியிட்டது. மரியா மெனாடோ நடித்த அப்படத்தின் பிரதி இன்று இல்லை. அதில் வரும் கம்பத்தை, அதாவது மலாய்க் கிராம அரங்கை, யார் எப்படிக் கட்டினார் என்பதைப் படத்தைப் பார்த்து வாதிட வழியில்லை. 1958இல் வந்த ‘சும்பா பொந்தியானாக்’ தப்பியிருக்கிறது. கேத்தே-கெரிஸ் மலாய்ப் படங்களின் தொகுப்பு, யுனெஸ்கோவின் ஆசிய-பசிபிக் ‘உலக நினைவு’ப் பதிவேட்டில் 2014இல் இடம்பெற்றது. அவற்றை நடிகர்களுக்காகப் பார்த்தது போதும். வாசல், கூரை, முற்றம் என்று இனி யாராவது பார்க்க வேண்டும். அந்த ஸ்டுடியோவில் தச்சராகவோ ஓவியராகவோ இருந்தவர்களின் குடும்பங்களில் பழைய புகைப்படங்கள் இருந்தால், அவற்றை ஆசியத் திரைப்பட ஆவணக் காப்பகத்திடம் காட்டுங்கள்.