ஜிம் தாம்சன் காணாமற்போன நிகழ்வு (கேமரன் மலை, 1967)

அமெரிக்கப் பட்டு வணிகர் ஜிம் தாம்சன், 1967 மார்ச் 26 ஈஸ்டர் ஞாயிறு பிற்பகலில், மலேசியாவின் பகாங் மாநிலத்திலுள்ள கேமரன் மலையில் காணாமற்போனார். அப்போது அவருக்கு வயது 61. தானா ராத்தா அருகே ‘மூன்லைட்’ பங்களாவில் விருந்தினராகத் தங்கியிருந்தவர், மற்றவர்கள் ஓய்வெடுத்த நேரத்தில் தனியே வெளியே போனார், திரும்பவில்லை. சிகரெட்டும் மாத்திரைகளும் பங்களாவிலேயே கிடந்தன. விடைபெற்று எழுதிய கடிதம் எதுவும் இல்லை. பணயத்தொகை கேட்டும் யாரும் எழுதவில்லை.

போலீசார், படைவீரர்கள், ஒராங் அஸ்லி பழங்குடி மக்கள், போமோக்கள் எனும் மலாய் மந்திரவாதிகள் எனப் பலரும் தேடினர். டச்சுக் குறிசொல்லி பீட்டர் ஹுர்கோஸ் வந்து, தாம்சனைக் கம்போடியாவுக்குக் கடத்திவிட்டதாகச் சொன்னார். ஆதாரமற்ற அந்தப் பேச்சும் செய்தியாயிற்று.

டெலவேரில் 1906இல் பிறந்த தாம்சன், கட்டடக் கலைஞர். இரண்டாம் உலகப் போரில் அமெரிக்க உளவமைப்பான ஓ.எஸ்.எஸ்.ஸில் பணியாற்றியவர். பிறகு பாங்காக்கில் தங்கி, நலிந்துகிடந்த தாய்லாந்துப் பட்டு நெசவுக்கு வெளிநாட்டுச் சந்தை பிடித்துக் கொடுத்தார். அவர் வீட்டெதிரே, கால்வாய்க்கு அக்கரையில், பான் குருவா பகுதியின் சாம் முஸ்லிம் நெசவாளர்கள் அவருக்காகத் தறி ஓட்டினார்கள். ஏறத்தாழ இருபது ஆண்டு உழைப்பு அது. காணாமற்போனதும் பத்திரிகைகளுக்குப் போர்க்கால உளவு வேலையே பெரிதாகத் தெரிந்தது. தறியும் சாயமும் வீடும் நிறைந்த வாழ்க்கைக்கு இது பெரும் அநீதி.

அதே ஆண்டு ஆகஸ்டில் அவருடைய சகோதரி அமெரிக்காவில் கொலையுண்டார். இரண்டுக்கும் தொடர்பு நிறுவப்படவில்லை. ஆயினும் குடும்பத்தின் துக்கம் மர்மக்கதையின் அடுத்த அத்தியாயமாக்கப்பட்டது. தாம்சனின் தனிப்பட்ட ஆவணமான உயிலும் பொதுப்பேச்சாயிற்று. தாய்லாந்து அரசு தாம்சனின் சேகரிப்பிலிருந்த சிலைகளை எடுத்துக்கொண்டதில் மனம் கசந்து, சயாம் சங்கம் என்ற அமைப்புக்கு எழுதியிருந்த சொத்தை அவர் அண்ணன் மகன் பெயருக்கு மாற்றியிருந்தார். நண்பர் வில்லியம் வாரன் 1970இல் அவர் வாழ்க்கை வரலாற்றை வெளியிட்டார்.

அவர் காணாமற்போன மலை நிலத்தைப் பார்த்தவர்களுக்குக் கடத்தல் கதை தேவைப்படாது. தேயிலைத் தோட்டத்தில் செடி இடுப்பளவுதான். நடந்து போகிறவரை எதிர்ச்சரிவிலிருந்தே பார்க்கலாம். தோட்ட எல்லை தாண்டினால் மூங்கிலும் பிரம்பும் பாசி வழுக்கும் பள்ளங்களும். பாதையிலிருந்து பத்தடி விலகி விழுந்தவரைப் பக்கத்தில் போகிறவரும் காணமாட்டார். வழிதவறி இறந்திருப்பார் என்பதே பொருத்தமான விளக்கம்.

1974இல் சட்டப்படி அவர் இறந்தவராக அறிவிக்கப்பட்டார். அவருடைய பாங்காக் வீடு இன்று அருங்காட்சியகம்.