நம் வீட்டுத் தீப்பெட்டியும் பாஸ்பரஸும்

ராஜபாளையத்திலும் ஸ்ரீவில்லிபுத்தூரிலும் தீப்பெட்டி இல்லாத பூஜையறை இருக்காது. பக்கத்தில் சிவகாசியில் தயாராகும் அந்தப் பெட்டியின் உரசும் பட்டையில் இருப்பது சிவப்பு பாஸ்பரஸ். குச்சியின் தலையில் பொட்டாசியம் குளோரேட். இரண்டும் உரசினால்தான் தீ பிறக்கும்.

1669இல் ஜெர்மனியின் ஹாம்பர்க் நகரில், சிறுநீரைக் காய்ச்சித் தங்கம் தேடிய ஹென்னிக் பிராண்டுக்குக் கிடைத்தது இருட்டில் ஒளிரும் வெள்ளை பாஸ்பரஸ். 19ஆம் நூற்றாண்டில் ஐரோப்பாவில் தீக்குச்சி மருந்தில் அதைச் சேர்த்தார்கள். எங்கு உரசினாலும் பற்றியது. ஆனால் அதன் ஆவியைச் சுவாசித்த தொழிலாளர்களின் தாடை எலும்பு அழுகியது.

1840களில் ஆஸ்திரிய வேதியியலாளர் ஆன்டன் ஷ்ரோட்டர், வெள்ளை பாஸ்பரஸைக் காற்றுப்படாமல் சூடாக்கிச் சிவப்பு பாஸ்பரஸாக்கினார். தனிமம் அதேதான், நஞ்சு மிகக் குறைவு. ஆனாலும் வெள்ளை பாஸ்பரஸ் மலிவு என்பதால் பல ஆலைகள் அதை விடவில்லை. 1906இல் பெர்ன் உடன்படிக்கை அதற்குத் தடை போட்டது. 1913இல் இந்தியாவிலும் தடைச் சட்டம் வந்தது.

அய்ய நாடாரும் சண்முக நாடாரும் 1922இல் கல்கத்தா சென்று தொழில் கற்று, அடுத்த ஆண்டு சிவகாசியில் தீப்பெட்டித் தொழிலைத் தொடங்கினர். அப்போது அந்தச் சட்டத்துக்கு வயது பத்து. நஞ்சுக்கு முன்பே சட்டம் வந்துவிட்டது. சட்டத்துக்கு முன்பே மாற்றும் கையில் இருந்தது.

2018இல் பட்டாசுக்குப் பச்சை ஒளி தரும் பேரியம் உப்புகளுக்கு உச்ச நீதிமன்றம் தடை விதித்தது. அங்கே வரிசை மாறிவிட்டது: தொழில் வளர்ந்து பல காலம் கழித்தே தடை வந்தது. தடையோடு நல்ல மாற்றும் கிடைத்தால்தான் தொழிலாளியின் உடலும் பிழைக்கும், பிழைப்பும் நிலைக்கும்.